மந்திரத்தை மறிப்பதன் விலை

கேரி கைகாக்ஸும் ஜெஃப் பெரனும் எழுதிய 'செயின்மெயில்' 1971இல் அமெரிக்காவில் வெளிவந்து சில பதிப்புகள் கண்டது. சின்னஞ்சிறு போர்வீரர் பொம்மைகளை மேசைமேல் அணிவகுக்கவைத்து, இடைக்காலப் போர்களை ஆடிப்பார்ப்பவர்களுக்கான விதிநூல் அது. கடைசிப் பக்கங்களில் மட்டும் டிராகன்களும் பூதங்களும் மந்திரவாதிகளும் களத்தில் இறங்குவார்கள். மந்திரவாதி என்னென்ன செய்வான் என்று சொல்லும் அந்தப் பக்கங்கள், இன்னொரு மந்திரவாதி அவனை எப்படி மறிப்பான் என்றும் சொல்கின்றன. வலிமை கூடியவன் இரண்டு பகடைகளை உருட்டி 7 அல்லது அதற்குமேல் போட்டால் எதிர்மந்திரம் பலிக்கும். வலிமை குறைந்தவனுக்கு, எவ்வளவு குறைவோ அதற்கேற்ப 8 முதல் 11 வரை விழவேண்டும். முன்னவனுக்கு 100க்கு 58 வாய்ப்பு, அடிமட்டத்தில் இருப்பவனுக்கு 8 வாய்ப்பு. இதைவிட முக்கியமானது அடுத்து வரும் நிபந்தனை: எதிர்மந்திரம் போடுபவனின் ஆற்றல் முழுக்க அதற்கே போய்விடும். அந்த நேரத்தில் அவனால் வேறு எந்த மந்திரமும் செய்ய முடியாது.

அந்த நிபந்தனைதான் இந்தக் கட்டுரையின் பொருள். எதிரியின் மந்திரத்தை முறிப்பதற்கு ஆட்டக்காரர் என்ன விலை கொடுக்கவேண்டும்? கடந்த ஐம்பது ஆண்டுகளில் வந்த விதிநூல்கள் ஒவ்வொன்றும் இந்தக் கேள்விக்கு ஒவ்வொரு பதில் சொல்லியிருக்கின்றன. விலை சரியாக அமைந்த இடங்களில் எதிர்மந்திரம் ஆட்டத்தின் உச்சமாகிறது. மலிவாகிப்போன இடங்களில் அது ஆட்டத்தையே தின்றுவிடுகிறது என்பது என் முடிவு.

செயின்மெயிலுக்குப் பின் வந்த, பாத்திரமேற்று ஆடும் விளையாட்டுகளை ஆடிப் பழகாதவர்களுக்காக ஒரு விளக்கம். மேசையைச் சுற்றி நாலைந்து பேர் உட்கார்ந்திருப்பார்கள். ஒருவர் டன்ஜன் மாஸ்டர். உலகமும் அதிலுள்ள எதிரிகளும் அவர் பொறுப்பு. மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரத்தை ஏற்பார்கள்: வாள்வீரன், திருடன், பூசாரி, மந்திரவாதி. சண்டை வந்தால் ஒவ்வொருவருக்கும் வரிசைப்படி முறை வரும். தன் முறைக்காகப் பத்து நிமிடம்கூடக் காத்திருக்க நேரும். ஆகவே ஒரு மந்திரம் முறிக்கப்படும்போது கதையில் ஒரு தீப்பிழம்பு அணைவதோடு முடிவதில்லை. காத்திருந்து ஒருவர் எடுத்த முறையும் கைவிட்டுப் போகிறது. மறிப்பதை யோசித்துத்தான் விலைபோடவேண்டும் என்பதற்கு இதுவே அடிப்படைக் காரணம்.

1974இல் கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் சேர்ந்து 'டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' விளையாட்டை வெளியிட்டார்கள். அதன் மந்திர முறை ஜாக் வான்ஸின் 'தி டையிங் எர்த்' கதைகளிலிருந்து எடுத்தது. மந்திரத்தை முன்கூட்டியே மனத்தில் ஏற்றிக்கொள்ளவேண்டும், ஏவியதும் அது மனத்தைவிட்டு அகன்றுவிடும். கையிருப்பு இவ்வளவுதான் என்று ஆனபிறகு மறிப்பதற்கும் அந்தக் கையிருப்பிலிருந்துதான் எடுக்கவேண்டும். வலிமை வரிசையில் மூன்றாம் நிலை மந்திரமான டிஸ்பெல் மேஜிக் அப்படி வந்தது. ஏற்கெனவே வேலைசெய்துகொண்டிருக்கும் மந்திரத்தை அது கலைக்கும். வெற்றி வாய்ப்பு நேர்விகிதம்: 5ஆம் தேர்ச்சிப் படியில் இருப்பவர் 10ஆம் படிக்காரரின் மந்திரத்தைக் கலைக்க முயன்றால் பாதிக்குப் பாதி. பள்ளிக்கூடப் பிள்ளைகூடப் போட்டுவிடும் கணக்கு. ஆனால் பறந்துவரும் தீப்பந்தை இது நிறுத்தாது. நடந்ததை மாற்றலாமே தவிர நடக்கவிருப்பதைத் தடுக்க முடியாது.

தடுக்கும் வேலையை அடுத்து வந்த 'அட்வான்ஸ்டு' பதிப்பு வேறு ஆட்களிடம் கொடுத்தது. எனக்கு மிகவும் பிடித்த கட்டம் இதுதான். 1978இலும் 1979இலும் வந்த அதன் இரு நூல்களின்படி சண்டையின் ஒரு சுற்று ஒரு நிமிடம். அது ஆறாறு நொடிகளாகப் பத்துக் கூறுகளாய்ப் பிரியும். ஃபயர்பால் மந்திரத்தை உச்சரித்து முடிக்க மூன்று கூறுகள் பிடிக்கும், மேஜிக் மிசைலுக்கு ஒன்று போதும். உச்சரித்துக்கொண்டிருக்கும்போது மந்திரவாதிமேல் ஓர் அடி விழுந்தால் போதும், மந்திரம் பாழ். மனத்தில் ஏற்றி வைத்திருந்ததும் கையைவிட்டுப் போய்விடும்.

இதன் விளைவைப் பாருங்கள். எதிரி மந்திரவாதியை மறிப்பது எல்லோருடைய வேலையாகிவிட்டது. வில்லாளி அம்பைத் தயாராக வைத்துக்கொள்ளவேண்டும். திருடன் தூணுக்குப் பின்னால் நழுவிப்போய்க் கத்தியெறியும் தூரத்துக்குள் வரவேண்டும். பூசாரியிடம் சைலன்ஸ் என்ற இரண்டாம் நிலை மந்திரம் உண்டு. 15 அடி ஆரத்துக்குள் எந்த ஒலியும் எழாதபடி அது செய்துவிடும். வாய் திறந்தும் சொல் எழாத மந்திரவாதி வெறும் அங்கி போட்ட மனிதன். எதிரணியும் சும்மா இருக்காது. தன் மந்திரவாதிக்கு முன்னால் கேடயக்காரர்களை நிறுத்தும். மந்திரம் நீளமாக இருந்தால் ஆபத்து, குட்டையாக இருந்தால் வலிமை குறைவு என்ற இக்கட்டு இரு பக்கத்துக்கும் பொது. பின்னாளில் 1989இல் வந்த 'ஷேடோரன்' ஆட்டக்காரர்களிடையே, மந்திரவாதியை முதலில் தீர்த்துக்கட்டு என்பது ஒரு கோஷமாகவே ஆகிவிட்டது. அந்தப் போர்ப்புத்தி இந்த மரபில்தான் ஊறி வந்தது.

இதன் குறையும் தெரிந்ததுதான். யார் எந்தக் கூறில் அடிக்கிறார்கள், மந்திரம் எந்தக் கூறில் முடிகிறது என்று கணக்குப் பார்க்கும் விதிகள் சிக்கலானவை. மேசைக்கு மேசை வெவ்வேறாகப் புரிந்துகொள்ளப்பட்டன. அதே நூல்களில் மேஜிக் ரெசிஸ்டன்ஸ் என்ற இன்னொரு தடுப்பும் உண்டு. சில அரக்கர்கள்மேல் மந்திரமே ஏறாது. அந்த விழுக்காடு 11ஆம் படி மந்திரவாதியை அளவாக வைத்து எழுதப்பட்டது. ஏவுபவரின் படி ஒன்று கூடினால் 5 விழுக்காடு குறையும், ஒன்று குறைந்தால் 5 கூடும். இது யாரும் யோசித்து எடுக்கும் முடிவல்ல, பிறவியிலேயே போர்த்திவந்த தோல். இதில் தந்திரத்துக்கு இடமில்லை என்பதால் இதைப்பற்றி மேலும் சொல்ல அதிகமில்லை.

இதே காலத்தில் வேறு விளையாட்டுகளிலும் இந்தக் கேள்விக்கு விடை தேடினார்கள். 1978இல் வந்த 'ரூன்குவெஸ்ட்', இரு ஆன்ம பலங்களை நேருக்கு நேர் மோதவிட்டது. இருவரும் சமம் என்றால் 50 விழுக்காடு, ஒவ்வொரு புள்ளி வித்தியாசத்துக்கும் 5 விழுக்காடு ஏற்ற இறக்கம். என்னைக் கவர்ந்தது 1987இல் ஜொனதன் ட்வீட்டும் மார்க் ரைன்-ஹேகனும் படைத்த 'ஆர்ஸ் மாஜிகா'. 13ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவில் மந்திரவாதிகள் மடங்கள் அமைத்து வாழ்வதாக அந்தக் கதையுலகம். ஒவ்வொரு மந்திரவாதியும் பார்மா மாஜிகா என்ற கவசச் சடங்கைச் செய்துகொள்வார். சூரியன் எழும்போதும் விழும்போதும் அது கலைந்துவிடும், மறுபடி செய்யவேண்டும். செய்ய மறந்த மந்திரவாதி மந்திரத்தின்முன் நிராயுதபாணி.

அந்தக் கதையுலகத்தின் அரசியலே இந்தக் கவசத்தின்மேல்தான் நிற்கிறது. பொனிசாகஸ் என்ற முன்னோர் இதைக் கண்டுபிடிக்கும்வரை எந்த மந்திரவாதியும் இன்னொருவர் அருகில் நிம்மதியாக உட்கார முடியாது. எதிரில் இருப்பவர் எப்போது எதை ஏவுவாரோ என்ற பயம். கவசம் வந்தபிறகுதான் ஒருவரை ஒருவர் சந்திக்க முடிந்தது, சந்திக்க முடிந்ததால் ஹெர்மீஸ் சங்கம் பிறந்தது, சங்கம் பிறந்ததால் சட்டமும் வழக்கும் வந்தன. தகராறு முற்றினால் செர்டாமென் என்ற மந்திரச் சமரில் தீர்த்துக்கொள்வார்கள். தற்காப்பு உறுதிப்பட்டதும் ஒரு நாகரிகம் முளைப்பதை இவ்வளவு தெளிவாகக் காட்டிய வேறொரு விளையாட்டை நான் அறியேன். கவசத்துக்கு விலையும் உண்டு. அது நண்பனின் மந்திரத்தையும் மறிக்கும். காயத்தை ஆற்ற வரும் கைக்கு முன்னால் கவசத்தைத் தாழ்த்தியாகவேண்டும், தாழ்த்திய நொடியில் பகைவனுக்கும் வாசல் திறந்துகிடக்கும்.

அந்த ஜொனதன் ட்வீட்தான் பிறகு மான்ட்டி குக், ஸ்கிப் வில்லியம்ஸ் ஆகியோருடன் சேர்ந்து 'டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' மூன்றாம் பதிப்பை வடிவமைத்தார். 1997இல் அந்த விளையாட்டை வாங்கியிருந்த விசர்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட் நிறுவனம் அதை 2000இல் வெளியிட்டது. எதிர்மந்திரம் இங்கே முறையான விதியாகத் திரும்பி வருகிறது, கூடவே செயின்மெயிலின் பழைய விலையும். மறிக்க விரும்புபவர் தன் முறை வரும்போது வேறெதுவும் செய்யாமல், இந்த எதிரி மந்திரம் தொடங்கினால் மறிப்பேன் என்று குறிவைத்துக் காத்திருக்கவேண்டும். எதிரி வாயைத் திறந்ததும், அது என்ன மந்திரம் என்று அடையாளம் காண இருபது முகப் பகடையை உருட்டித் தன் தேர்ச்சியையும் கூட்டி, 15உடன் மந்திரத்தின் நிலையைக் கூட்டிவரும் எண்ணை எட்டவேண்டும். அடையாளம் கண்டால் அதே மந்திரத்தைத் தானும் செலவழிக்கவேண்டும். ஃபயர்பாலுக்கு ஃபயர்பால். பாரதத்தில் ஆக்னேயத்துக்கு வாருணம் விடுவதுபோல் எதிர்க்குணம் கொண்ட இணைகளும் உண்டு: வேகம் கூட்டும் மந்திரத்தை வேகம் குறைக்கும் மந்திரம் முறிக்கும். அந்த மந்திரம் கைவசம் இல்லையென்றால் டிஸ்பெல் மேஜிக்கைப் பயன்படுத்தலாம். 10ஆம் படிக்காரர் இன்னொரு 10ஆம் படிக்காரரை மறிக்கப் பகடையில் 11 அல்லது அதற்குமேல் விழவேண்டும், அதாவது பாதி வாய்ப்பு.

எல்லாம் அழகான ஏற்பாடு. ஆனால் மேசையில் யோசித்துப் பாருங்கள். என் முறையை விட்டுக்கொடுத்துக் காத்திருக்கிறேன். எதிரி இந்தச் சுற்றில் மந்திரமே செய்யாமல் ஓடிப்போனால் என் முறை வீண். செய்தாலும் அடையாளம் காணத் தவறலாம், கண்டாலும் அதே மந்திரம் கையில் இல்லாமல் போகலாம், டிஸ்பெல்லும் பாதிக்குப் பாதிதான். இத்தனை வாசல் தாண்டி நான் அடைவது, அவன் முறையும் என் முறையும் ஒன்றுக்கொன்று கழிந்துபோவது மட்டுமே. அதற்கு நேராக அவன்மேல் ஓர் ஈட்டியை எறிந்துவிடலாம். இந்தப் பதிப்பிலும் மந்திரம் சொல்லும்போது அடி விழுந்தால் அது கலையக்கூடும். 10 புள்ளி காயம் வாங்கிக்கொண்டே மூன்றாம் நிலை மந்திரத்தைச் சொல்லி முடிக்க 23ஐ எட்டவேண்டும், எளிதல்ல. விலை மிகையானால் விதி நூலோடு தங்கிவிடும் என்பதற்கு இது உதாரணம்.

2008இல் வந்த நான்காம் பதிப்பு இந்த வழியைக் கிட்டத்தட்ட மூடிவிட்டது. 2014இல் வந்த ஐந்தாம் பதிப்பு மறுகோடிக்குப் போனது. கவுன்டர்ஸ்பெல் என்ற மூன்றாம் நிலை மந்திரம். முன்கூட்டிக் காத்திருக்க வேண்டாம். 60 அடிக்குள் ஒருவர் மந்திரம் செய்வதைக் கண்ணால் கண்டால், அவருடைய முறையிலேயே குறுக்கே பாய்ந்து முறிக்கலாம். எதிரியின் மந்திரம் மூன்றாம் நிலைக்குள் இருந்தால் பகடையே வேண்டாம், முறிந்தது முறிந்ததுதான். அதற்குமேல் என்றால் 10உடன் அந்த நிலையைக் கூட்டிய எண்ணை எட்டவேண்டும். அறிவுக்கு 4 கூட்டிக்கொள்ளும் மந்திரவாதி ஆறாம் நிலை மந்திரத்தை இப்படி மறிக்க 45 விழுக்காடு வாய்ப்பு. ஒன்பதாம் நிலை என்றாலும் 30 விழுக்காடு.

என் முறை எனக்கே இருக்கிறது, எதிரியின் முறை அவனிடமிருந்து போகிறது, அவன் செலவழித்த ஸ்லாட்டும், அதாவது அளந்து கொடுத்த மந்திரக் கையிருப்பில் ஒன்றும், போகிறது. நான் தருவது ஒரு மூன்றாம் நிலை ஸ்லாட். பல சண்டைகள் மூன்று நான்கு சுற்றுகளில் முடிந்துவிடுபவை. மாதக்கணக்கில் கதையில் பெயர்மட்டும் கேட்டுவந்த வில்லனுக்கு மொத்தம் மூன்று முறைதான் கிடைக்கும் என்றால், அவற்றில் இரண்டை ஒற்றைச் சொல்லால் அடித்துவிடலாம். பதிலுக்கு டன்ஜன் மாஸ்டரும் தன் மந்திரவாதிக்குக் கவுன்டர்ஸ்பெல் கொடுப்பார். அந்தப் பதிப்பின் லிச் என்ற செத்தும் சாகாத மந்திரவாதி, ஆர்ச்மேஜ் என்ற பெருமந்திரவாதி இரண்டின் மந்திரப் பட்டியலிலும் அது இருக்கிறது. ஒருவர் ஃபயர்பால் ஏவ, இன்னொருவர் மறிக்க, அந்த மறிப்பை மூன்றாமவர் மறிக்க, ஆளாளுக்கு ஸ்லாட் எரிந்து முடிந்தபின் களத்தில் ஒரு புல்லும் கருகியிருக்காது. வாள்வீரனும் திருடனும் வேடிக்கை பார்த்துக்கொண்டிருப்பார்கள். எல்லோருடைய வேலையாக இருந்த மறிப்பு, மந்திரவாதிகளின் உள்வீட்டு விவகாரமாகச் சுருங்கிவிட்டது. இந்த இழப்பைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன்.

கைதேர்ந்தவர்கள் இதிலும் போர்க்கலை கண்டார்கள், அதையும் சொல்லவேண்டும். கவுன்டர்ஸ்பெல் எட்டும் தூரம் 60 அடி, ஃபயர்பால் எட்டும் தூரம் 150 அடி. எழுபதாவது அடியில் நிற்பவனை யாரும் மறிக்க முடியாது. கண்ணால் கண்டால்தான் மறிக்கலாம் என்பதால், பனிமூட்டம் எழுப்பி அதற்குள் நின்று மந்திரம் செய்யலாம். சார்சரர் என்ற வகை மந்திரவாதிக்குச் சொல்லும் சைகையும் இல்லாமல் ஏவும் திறமை உண்டு, அவன் செய்வதே எதிரிக்குத் தெரியாது. இப்படி நிலமும் பார்வையும் ஒளிவும் கணக்கில் சேரும்போது எதிர்மந்திரத்துக்கு உயிர் வருகிறது.

விலை எவ்வளவு ஆழமாக இறங்கக்கூடும் என்பதற்கு 2017இல் பலர் கண்ணால் கண்ட ஓர் ஆட்டம் சாட்சி. நடிகர்கள் சிலர் சேர்ந்து நேரலையில் ஆடிவந்த 'கிரிட்டிக்கல் ரோல்' நிகழ்ச்சியின் முதல் தொடர் முடியும் தறுவாய். டன்ஜன் மாஸ்டர் மேத்யூ மெர்சர். எதிரி வெக்னா, 1970களிலிருந்தே இந்த விளையாட்டில் பெயர் அடிபடும் மந்திரவாதி, இப்போது தெய்வமாகவே எழுந்துவிட்டவன். சாம் ரீகல் ஏற்ற ஸ்கேன்லன் என்ற பாணனிடம் நாளுக்கு ஒன்றே ஒன்றான ஒன்பதாம் நிலை ஸ்லாட் மிச்சம் இருக்கிறது. நினைத்ததை நடத்தும் விஷ் மந்திரத்துக்காக அதைப் பொத்திவைத்திருக்கிறார். லியாம் ஓ'பிரையன் ஏற்ற வேக்ஸ் என்ற நண்பன், வெக்னா வீழ்ந்ததும் மரண தேவதையிடம் போய்ச் சேரவேண்டியவன். அவனை மீட்கத்தான் அந்த விஷ். போரின் நடுவே வெக்னா மந்திரத்தால் களத்தைவிட்டு மறையப் பார்க்கிறான். விட்டால் எல்லாம் வீண். உயர்ந்த ஸ்லாட்டைப் போட்டால் பகடை வேண்டாம் என்பதால், ஸ்கேன்லன் அந்த ஒன்பதாம் நிலை ஸ்லாட்டைப் போட்டு கவுன்டர்ஸ்பெல் செய்கிறார். உலகம் தப்பியது, நண்பனை மீட்கும் வழி அடைபட்டது. ஆடிக்கொண்டிருந்தவரின் கண் கலங்கியது. விதி அப்படியே 2014இன் மலிவான விதிதான். அந்த ஒரு ஸ்லாட்டுக்கு வேறொரு தேவை காத்திருந்ததால்தான் அந்த மறிப்பு இவ்வளவு கனத்தது. கையிருப்பு வற்றிய நிலையில் வீரர்களைக் கடைசிச் சண்டைக்குள் கொண்டுவரத் தெரிந்த டன்ஜன் மாஸ்டருக்கு எந்தப் பதிப்பும் போதும் என்பேன்.

ஆனால் விதியை எழுதுபவர்கள் எல்லா மேசையிலும் அப்படியொருவர் இருப்பார் என்று நம்பியிருக்க முடியாது. 2022இல் வந்த 'மான்ஸ்டர்ஸ் ஆஃப் தி மல்ட்டிவர்ஸ்' ஒரு குறுக்குவழியைத் தேர்ந்தெடுத்தது. அதில் பல எதிரி மந்திரவாதிகளின் தாக்குதல்கள் மந்திரம் என்ற வகையிலேயே வராது. மந்திரமில்லாததைக் கவுன்டர்ஸ்பெல் தொடாது. இது எனக்கு உடன்பாடில்லை. ஒரு மந்திரவாதி கையிலிருந்து மாயசக்தி பாய்கிறது, ஆனால் அது மந்திரமில்லை என்றால், உலகத்தைப் புரிந்துகொண்டு ஆடும் ஆட்டக்காரரின் காலடியில் தரை நழுவுகிறது.

2024 பதிப்பு செய்தது இதைவிட நேர்மையானது. கவுன்டர்ஸ்பெல் வந்தால் மந்திரம் செய்பவரே தன் உடல் உறுதியைக் கொண்டு தாக்குப்பிடிக்கப் பகடை உருட்டுவார். தவறினால் மந்திரம் கலையும், ஆனால் அவருடைய ஸ்லாட் செலவாகாது. 2014 நூலின் லிச் உடல் உறுதிக்கு 10 கூட்டிக்கொள்ளும். அதன் மூன்றாம் நிலை ஃபயர்பாலை அன்று நிச்சயமாக முறித்திருக்கலாம். புதிய விதியில், 15ஐ எட்டச்சொல்லும் மந்திரவாதி ஒருவர் அதே லிச்சை மறிக்க 20 விழுக்காடு வாய்ப்பே உண்டு. மறிக்கப்பட்டவர் கையிலும் ஒரு பகடை இருப்பது பெரிய மாற்றம். முறை போனாலும் மந்திரம் மிச்சமிருக்கிறது, அடுத்த சுற்றில் மீண்டும் முயலலாம். ஒரு குறை: மந்திரத்தின் நிலை இப்போது கணக்கிலேயே வருவதில்லை. மிகச் சிறிய மந்திரத்தையும் காலத்தையே நிறுத்தும் மந்திரத்தையும் மறிப்பது ஒரே அளவு கடினம் என்பது மனத்துக்கு ஒட்டவில்லை. இந்த இடத்தில் 2019இல் வந்த 'பாத்ஃபைண்டர்' என்ற வேறொரு விளையாட்டின் இரண்டாம் பதிப்பு தெளிவானது. அங்கே மந்திரவாதி அதே மந்திரத்தைத் தயாராக வைத்திருந்தால்தான் மறிக்கலாம். பகடை எவ்வளவு நன்றாக விழுகிறதோ அவ்வளவு உயர்ந்த நிலையை முறிக்கலாம். படித்தவனுக்குத்தான் பலன்.

அறிவுக்கு விலை வைக்கும் இன்னொரு விதி ஐந்தாம் பதிப்பிலேயே இருக்கிறது, 2017இல் வந்த 'ஜனாத்தர்ஸ் கைடு' நூலில், விருப்ப விதியாக. எதிரி கையை உயர்த்தும்போது அது என்ன மந்திரம் என்று தெரிந்துகொள்வதற்கே, மறிக்கப் பயன்படும், சுற்றுக்கு ஒன்றேயான அதே குறுக்குப்பாய்ச்சலைச் செலவழிக்கவேண்டும். ஆகவே அடையாளம் கண்டவர் மறிக்க முடியாது, மறிப்பவர் கண்ணைக் கட்டிக்கொண்டு மறிக்கவேண்டும். தீப்பந்தா, வெறும் விளக்கேற்றும் மந்திரமா என்று தெரியாமல் ஸ்லாட்டைப் போடலாமா? டன்ஜன் மாஸ்டர் மந்திரத்தின் பெயரை முதலிலேயே அறிவித்துவிட்டால் இந்தக் கேள்வியே எழாது. பெயரைச் சொல்லாமல், அவன் விரல்கள் எதையோ பின்னுகின்றன, உதடு அசைகிறது என்று மட்டும் சொல்லி நிறுத்தினால், மேசையில் இருவர் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள். மந்திரம் செய்யத் தெரியாவிட்டாலும் மந்திரநூல் படித்த பாத்திரம் ஒன்று அங்கே இருந்தால், அது ஃபயர்பால் என்று கண்டு கத்த, பக்கத்திலிருக்கும் மந்திரவாதி மறிக்கலாம். 1978இல் வில்லாளியும் திருடனும் பூசாரியும் சேர்ந்து செய்த வேலைக்கு இன்றைய விதிகளில் மிக அருகில் வருவது இதுதான். என் மேசையில் இந்த விதியைத்தான் வைத்திருக்கிறேன். கூடவே ஒரு சிறு திருத்தம்: அடையாளம் காண்பவர் கத்துவது எதிரியின் காதிலும் விழும்.